டைக்ளோஃபெனாக் என்று முழுப்பெயர் சொன்னவள்

"வட்டமா, மஞ்சளா இருக்குமே, அந்த மாத்திரை ஒரு அட்டை குடுங்க."

இப்படிக் கேட்கிறவர்களைக் கண்டாலே அவளுக்கு ஆகாது. "எலுமிச்சம்பழம்கூடத்தான் வட்டமா, மஞ்சளா இருக்கும். பேர் என்ன?" என்பாள். கேட்டவர் பேந்தப் பேந்த விழிப்பார். பின்னால் நிற்கிறவர்கள் தரையைப் பார்ப்பார்கள், அடுத்த முறை தங்களுடையது என்பதால்.

பேருந்து நிறுத்தத்துக்கு எதிரே, ஒரு செருப்புக்கடைக்கும் ஜெராக்ஸ் கடைக்கும் நடுவில் ஒடுங்கிக்கொண்டு நின்ற அந்த மருந்துக்கடையில் அவள் இருபத்திரண்டு வருடமாக மருந்தாளுநர். தெருவில் அவளுக்குப் பட்டப்பெயர் அகராதி. வைத்தவர்கள் அகராதி பிடித்தவள் என்ற அர்த்தத்தில்தான் வைத்தார்கள். அது காதில் விழுந்தபோது, சொல்லுக்குப் பொருள் தெரிந்தவள் என்று எடுத்துக்கொண்டு அவள் உள்ளூர மகிழ்ந்து போனாள். தன்னைக் கிண்டல் செய்யும் அளவுக்கு விவரமான ஆள் அந்தத் தெருவில் இருக்க முடியும் என்று அவளுக்குத் தோன்றவே இல்லை.

இவ்வளவு கர்வத்துக்கும் அடிப்படை ஒரே ஒரு மருந்தின் பெயர். படிக்கிற காலத்தில் மருந்துப் பெயர்களை வகுப்பில் ஒப்பிக்கச் சொல்வார்கள். மற்றவர்கள் வாய்ப்பாடு மாதிரி கண்ணை மூடிக்கொண்டு ஒப்பித்தார்கள். இவள் மட்டும் 'டைக்ளோஃபெனாக்' என்ற இடத்தில் நின்றுவிட்டாள். பலகையில் அதற்குப் பக்கத்தில் ஒரு முழ நீளத்துக்கு அதன் ரசாயனப் பெயரை எழுதிப் போட்டிருந்தார்கள். அதையும் இதையும் மாறி மாறிப் பார்த்தவளுக்குச் சட்டென்று பிடிபட்டது. நீளப் பெயரில் அங்கங்கே வெட்டி எடுத்து ஒட்டியதுதான் குட்டைப் பெயர். 'டை' என்றால் இரண்டு. 'க்ளோ' என்பது குளோரின். 'ஃபென்' பீனைல். கடைசியில் வருகிற 'ஆக்' அசிட்டிக் அமிலம். பெயரைச் சொன்னாலே ஆள் எதனால் ஆனவன் என்று தெரிந்துவிடுகிறது. மனிதர்களுக்கு வைக்கிற எந்தப் பெயருக்கு இந்த யோக்கியதை உண்டு என்று அன்றைக்கு நினைத்தாள். இன்றைக்கும் அப்படித்தான் நினைக்கிறாள்.

வால் ஒன்றாக இருந்தால் வம்சம் ஒன்று. 'ஆக்' என்று முடிகிறவர்கள் ஒரு வீடு, 'புரோஃபென்' என்று முடிகிறவர்கள் அடுத்த வீடு, 'ஆக்ஸிகாம்' என்று முடிகிறவர்கள் எதிர்வீடு. மூன்று வீட்டுக்கும் தொழில் ஒன்றுதான். வீக்கம், சிவப்பு, சூடு, வலி என்று உடம்பு எழுப்புகிற கலாட்டாவுக்கு அழற்சி என்று பெயர். அதை அடக்குகிறவர்கள் இவர்கள். அடக்குகிற கையோடு வயிற்றின் உள்தோலையும் பதம் பார்த்துவிட்டுப் போவார்கள். பெயருக்குப் பின்னால் சோடியம் என்று ஒட்டியிருக்கிறதா, பொட்டாசியம் என்று ஒட்டியிருக்கிறதா என்பதில்கூட விஷயம் இருக்கிறது. பின்னது வேகமாகக் கரையும். இதையெல்லாம் அவள் கேட்கிறவர்களுக்கும் சொல்வாள், கேட்காதவர்களுக்கும் சொல்வாள். "சோடியம்னா உப்புதானே, எனக்கு பிரஷர் இருக்கே" என்று ஒருவர் பதறினால், "நீங்க தினம் தின்னுற ஊறுகாய்ல இருக்கிற உப்பு இதுல நூத்துல ஒரு பங்குகூட இல்ல, பயப்படாம போங்க" என்று அனுப்பிவைப்பாள். உப்புக் கணக்கு சரிதான். சொன்ன விதத்தில் அவர் அதற்குப் பிறகு செருப்புக்கடை வரைக்கும் வந்து, எட்டிப் பார்த்து, இவள் இல்லாத நேரமாகக் கடைக்குள் நுழைவார்.

கம்பெனிக்காரர்கள் அதே மருந்துக்கு வைக்கிற விற்பனைப் பெயர்களைச் சொன்னால் அவள் உதடு தானாகக் கோணும். ஃபாஸ்ட், பிளஸ், ரிலீஃப், ஃபோர்ட் என்று நாலு சொல்லைக் குலுக்கிப் போட்டு, வந்த இரண்டை ஒட்டவைத்த பெயர்கள். அட்டையில் அந்தப் பெயர் கட்டைவிரல் உயரத்துக்கு மின்னும். உண்மையான பெயர் அதன் காலடியில் எறும்பு ஊர்கிற மாதிரி கிடக்கும். மாதம் ஒருமுறை கம்பெனிப் பிரதிநிதி ஒருவர் கழுத்துப் பட்டையும் தோல் பையுமாக வருவார்.

"மேடம், புத்தம் புது மருந்து. இந்த மாசம்தான் வந்திருக்கு."

அவள் அட்டையை வாங்கித் திருப்பிப் பார்ப்பாள். ஒரு நொடிதான் ஆகும். "பழைய மாப்பிள்ளை. சட்டைதான் புதுசு" என்று திருப்பிக் கொடுத்துவிடுவாள். பிரதிநிதி முதலாளியிடம் நகர்ந்துவிடுவார்.

முதலாளியைப் பற்றி அவளுக்கு இருந்த எண்ணத்தை அச்சில் ஏற்ற முடியாது. வளையல் கடை வைக்க வேண்டிய மனிதர், வழி தவறி மருந்துக்கடை வைத்துவிட்டார் என்பது அவள் முடிவு. நிறத்தைப் பார்த்துத்தான் மாத்திரையை எடுப்பார். 'வலியா? இது குடுங்க. ரொம்ப வலியா? இதையும் சேர்த்துக் குடுங்க' என்பதுதான் அவருடைய மொத்த மருத்துவ ஞானம்.

அவளுக்கு ஒரே அண்ணன். இரண்டு தெரு தள்ளி தையல்கடை வைத்திருந்தார். முப்பது வருடம் மிதிமிஷினில் குனிந்தே இருந்ததில் இடுப்பும் முழங்காலும் போய்விட்டன. ஒருநாள் மதியம், எலும்பு டாக்டரிடம் போய்விட்டு நேராகத் தங்கை கடைக்கு வந்தார். சீட்டை எங்கேயோ தவறவிட்டிருந்தார். தங்கையிடம் பெயரைச் சொன்னால்தான் மதிப்பாள் என்று தெரிந்து, வழியெல்லாம் அதை மனப்பாடம் செய்துகொண்டே வந்திருந்தார். கடையில் ஆறேழு பேர் நின்றிருந்தார்கள். அண்ணன் தொண்டையைச் செருமிக்கொண்டு, பரீட்சை எழுத வந்தவர் மாதிரி நிமிர்ந்து நின்று சொன்னார்:

"டைக்ளோ பினாயில்."

அவள் விட்டுவிட்டிருக்கலாம். அண்ணன் முகத்தில் இருந்த பெருமிதத்தைப் பார்த்தாவது விட்டிருக்கலாம்.

"பினாயிலா? எதுக்கு, குளியலறை கழுவவா, வயித்தைக் கழுவவா?"

கடை முழுக்கச் சிரித்தது. முதலாளி கல்லாவில் இருந்தபடியே மேஜையைத் தட்டிச் சிரித்தார். அண்ணனும் சிரித்தார். "நமக்கெல்லாம் எங்க வாயில நுழையுது" என்று சொல்லிக்கொண்டே, அவள் கொடுத்த அட்டையைச் சட்டைப்பையில் வைத்துக்கொண்டு போனார். உண்மையில் அண்ணன் அவ்வளவு தப்பாகவும் சொல்லிவிடவில்லை. பெயருக்குள் இருப்பது பீனைல்தான். அண்ணன் அதற்குப் பக்கத்து வாசலைத்தான் தட்டியிருந்தார். அது அவளுக்கு அந்த நொடியே தெரியும். ஆனால் சிரிப்பு நன்றாக விழுந்திருந்தது. அதைக் கெடுக்க மனம் வரவில்லை.

முதலாளி அந்தப் பினாயில் கதையை ஒரு மாதம் வருகிறவர் போகிறவரிடமெல்லாம் சொன்னார். அண்ணன் அதன்பின் கடைப்பக்கம் வரவில்லை. 'ரோஷத்தைப் பாரு, பெரிய மனுஷனுக்கு' என்று அவள் நினைத்துக்கொண்டாள். அத்தோடு அதை மறந்தும்விட்டாள்.

எட்டு மாதம் கழித்து ஒரு காலை நேரம், அண்ணியிடமிருந்து போன் வந்தது. "உங்க அண்ணன் கடையில மயங்கி விழுந்துட்டாரு. ஆஸ்பத்திரிக்குக் கொண்டு வந்திருக்கோம். சீக்கிரம் வா."

அவள் மேலங்கியைக்கூடக் கழற்றாமல் ஓடினாள். அவசரப் பிரிவில் அண்ணன் படுத்திருந்தார். சலவை செய்த காடாத் துணி மாதிரி வெளுத்திருந்தார் மனிதர். பக்கத்தில் ஓர் இளம் பெண் டாக்டர் அண்ணியைக் கேள்வி கேட்டுக்கொண்டிருந்தார்.

"நாலு நாளா மலம் கருப்பா போகுதுன்னு சொல்றீங்க. ஏன் முன்னாடியே வரல?"

"சாப்பாடு ஒத்துக்கலைன்னு நெனச்சோம் டாக்டர்."

"வலிக்கு மாத்திரை ஏதாவது சாப்பிடுறாரா?"

"சாப்பிடுவாரு. காலைல ஒரு வெள்ளை. ராத்திரி ஒரு ஆரஞ்சு. தோள்பட்டை வலிச்சா நீளமா இன்னொண்ணு."

டாக்டர் பேனாவை மூடினார். "வெள்ளை, ஆரஞ்சுன்னா நான் என்னங்க எழுதுறது? பேர் தெரியாதா?"

வேறு நாளாக இருந்தால் இதைக் கேட்டு அவள் கெக்கலித்திருப்பாள். இப்போது அவளால் அண்ணியைப் பார்க்கவே முடியவில்லை. "பத்து நிமிஷம் குடுங்க" என்று சொல்லிவிட்டுத் தையல்கடைக்கு ஓடினாள்.

கடை திறந்தபடியே கிடந்தது. பக்கத்துக் கடைக்காரர் காவலுக்கு ஸ்டூல் போட்டு உட்கார்ந்திருந்தார். மிஷின் ஊசிக்கு அடியில் பாதி தைத்த ஒரு சட்டைக் கை மாட்டிக்கொண்டிருந்தது. இழுப்பறையை இழுத்தாள். பொத்தான்கள், சாக்கட்டி, மடங்கிய இன்ச் டேப், அதற்கடியில் மூன்று அட்டைகள். மூன்றிலும் மூன்று பெயர் மின்னியது. திருப்பினாள். முதல் அட்டை டைக்ளோஃபெனாக். இரண்டாவதில் டைக்ளோஃபெனாக்கும் காய்ச்சல் மாத்திரையும் சேர்ந்த கலவை. மூன்றாவது ஏசிக்ளோஃபெனாக், அதே வீட்டுத் தம்பி, உடம்புக்குள் போனதும் கொஞ்சம் டைக்ளோஃபெனாக்காகவே மாறிவிடுகிறவன். மொத்தத்தில் ஒரே ஆள் மூன்று சட்டை போட்டுக்கொண்டு மூன்று வாசல் வழியாக அண்ணன் வயிற்றுக்குள் போயிருந்தான்.

ஒவ்வோர் அட்டையும் ஒவ்வோர் உறையில் இருந்தது. ஒன்று எலும்பு டாக்டரின் மருந்தகத்து உறை. ஒன்று எங்கேயோ பேருந்து நிலையத்துக் கடை. கலவை மாத்திரை இருந்த உறையை அவள் இரண்டு தடவை பார்த்தாள். அவள் கடை முத்திரை. மேலே முதலாளியின் கோழிக் கிறுக்கலில் 'இரவு 1'. தேதியைப் பார்த்தாள். அவளுடைய வார விடுமுறை நாள்.

அண்ணன் கடைப்பக்கம் வராமல் இல்லை. அவள் இல்லாத நாளாகப் பார்த்து வந்திருக்கிறார்.

ஆஸ்பத்திரிக்குத் திரும்பி மூன்று பெயர்களையும், எந்த அளவு, எத்தனை நாள் என்பதோடு ஒரே மூச்சில் சொன்னாள். டாக்டர் எழுதிக்கொண்டே நிமிர்ந்தார். "நீங்க டாக்டரா?"

"இல்ல. மருந்துக்கடையில இருக்கேன்."

"மருந்துக்கடையில இருந்துக்கிட்டா இப்படி விட்டீங்க?"

அவள் மூன்று அட்டைகளையும் டாக்டரிடம் நீட்டினாள்.

குழாய் விட்டுப் பார்த்தார்கள். இரைப்பையில் புண், அதிலிருந்து ரத்தக் கசிவு. கசிவை அடைத்தார்கள், இரண்டு பாட்டில் ரத்தம் ஏற்றினார்கள். மூன்றாம் நாள் அண்ணன் எழுந்து சாய்ந்து உட்கார்ந்தார். முகத்தில் கொஞ்சம் நிறம் வந்ததுமே அவளுக்குப் பழைய குணம் திரும்பிவிட்டது.

"மூணு அட்டையையும் ஒருதடவை திருப்பிப் பாத்திருக்கக் கூடாதா? பின்னாடி எழுதித்தானே இருக்கு?"

"ஊசியில நூல் கோக்கிற கண்ணு எனக்கு. எனக்கே தெரியல அந்த எழுத்து" என்றார் அண்ணன்.

"சரி, என்கிட்ட கேக்க வேண்டியதுதானே? ரெண்டு தெரு தள்ளி நான் எதுக்கு இருக்கேன்?"

அண்ணன் சன்னல் பக்கம் பார்த்தார். அண்ணி போர்வையை இழுத்துவிட ஆரம்பித்தாள், இழுத்துவிட அவசியம் எதுவும் இல்லாமலே.

"கேட்டா சொல்லுவே. சொல்றதுக்கு முன்னாடி ஒண்ணு சொல்லுவியே, அதைக் கேட்டுக்க எனக்குத் தெம்பு இல்ல. இடுப்பு வலிக்குத்தான் மாத்திரை இருக்கு."

இதைக் கோபமாகச் சொல்லியிருந்தால் அவள் சண்டை போட்டிருப்பாள். அண்ணன் சட்டைக்கு அளவு சொல்கிற குரலில் சொன்னார். அவள் எழுந்து நடைக்கூடத்துக்கு வந்து, கை கழுவும் தொட்டியில் தண்ணீரைத் திறந்துவிட்டுக்கொண்டு நின்றாள். இருபத்திரண்டு வருடத்தில் எத்தனை பேரை இப்படித் துரத்தியிருக்கிறாள் என்று எண்ணிப் பார்க்க முயன்றாள். செருப்புக்கடை வாசலில் நின்று எட்டிப் பார்த்தவர்கள் எல்லாரும் எங்கே போய் வாங்கினார்கள்? பெரும்பாலும் முதலாளியிடம்தான். வளையல் கடைக்காரனிடம். ஊருக்கே அவள் பாடம் நடத்தியதாக நினைத்துக்கொண்டிருந்தாள். நடந்ததெல்லாம், கூட்டத்தை அந்த மனிதர் பக்கம் தள்ளிவிட்டதுதான். அவள் தன் வாழ்க்கையில் எத்தனையோ பேரை முட்டாள் என்று நினைத்திருக்கிறாள். அன்று தன்னை நினைத்த அளவு நிச்சயமாக வேறு யாரையும் நினைத்ததில்லை.

மறுநாள் கடைக்குப் போனதும் உறையை முதலாளி முன்னால் போட்டாள்.

"இதைக் குடுத்தது நீங்கதானே?"

முதலாளி கண்ணாடியை ஏற்றிப் பார்த்தார். "ஆமா, உங்க அண்ணன் இடுப்பு வலின்னாரு. நம்ம மேடத்தோட அண்ணன்னு நல்ல கம்பெனியா பாத்துக் குடுத்தேன்."

"அதுக்குள்ள என்ன இருக்குன்னு தெரியுமா சார்?"

"வலிக்கானது இருக்கு."

"வேற மாத்திரை சாப்பிடுறாரான்னு கேட்டீங்களா?"

"கேட்டா வியாபாரம் எப்படிம்மா நடக்கும்?" என்றார் அவர், பச்சைக் குழந்தையின் வெள்ளை மனதோடு.

அன்று முதல் அவள் ஒரு காரியம் செய்தாள். வலிக்கான மாத்திரை எது போனாலும், தடித்த பேனாவால் உறைமேல் அதன் முழுப்பெயரைப் பெரிய தமிழ் எழுத்தில் எழுதினாள். டைக்ளோஃபெனாக். ஐபுபுரோஃபென். பைராக்ஸிகாம். கீழே ஒரு வரி: 'ஃபெனாக், புரோஃபென், ஆக்ஸிகாம் என்று முடிகிற வேறு மாத்திரை வீட்டில் இருந்தால் இதோடு சேர்த்துச் சாப்பிட வேண்டாம்; வந்து கேளுங்கள்.' கேட்க வந்தவர்களை, வீட்டில் இருக்கிற அட்டைகளையெல்லாம் ஒரு பையில் போட்டுக் கொண்டுவரச் சொன்னாள். ஜனங்கள் கொண்டுவந்தார்கள். கண்ணாடி மேஜைமேல் கொட்டினார்கள். ஒரு ஓய்வுபெற்ற பேருந்து நடத்துனரிடம் ஒரே மருந்து நாலு பெயரில் இருந்தது. "நாலும் நல்ல கம்பெனிம்மா" என்றார் அவர் பெருமையாக. அவள் நாக்கு நுனிக்கு ஒன்று வந்தது. அதைக் கடித்து உள்ளே தள்ளிவிட்டு, "நாலும் ஒண்ணுதான் ஐயா. ஒண்ணை வச்சுக்குங்க" என்றாள். இந்த அளவு மரியாதைக்கு அவள் பட்ட பாடு அவளுக்குத்தான் தெரியும்.

வரிசை நீண்டது. வலி மாத்திரை வியாபாரம் படுத்தது. தோல் பைப் பிரதிநிதி முதலாளியின் காதில் ஏதோ ஓதிவிட்டுப் போனார். மறுவாரம் முதலாளி கனைத்துக்கொண்டு வந்தார்.

"மேடம், இந்த உறையில எழுதுறது எல்லாம் நிறுத்திடுங்க. கடைக்கு வந்தவங்க மருந்து வாங்கணும், படிச்சுக்கிட்டு நிக்கக் கூடாது."

"நிறுத்திடுறேன் சார்" என்றாள் அவள். ஸ்டூலை இழுத்துப் போட்டு ஏறினாள். கல்லாவுக்கு மேலே சுவரில் கண்ணாடிச் சட்டத்துக்குள் ஒரு சான்றிதழ் தொங்கியது. கடைக்கு உரிமம் அதன் பேரில்தான். அதில் இருந்த பெயர் அவளுடையது. அதை ஆணியிலிருந்து கழற்றி, முந்தானையால் தூசியைத் துடைத்தாள்.

"என்னம்மா பண்றீங்க?"

"எழுதுறதை நிறுத்தணும்னா பில்லுல கையெழுத்துப் போடுறதையும் சேர்த்து நிறுத்திடலாம்னு பாத்தேன். நாளைக்கு உங்க சர்டிபிகேட்டை இங்க மாட்டிக்குங்க. எதுல படிச்சீங்க சார் நீங்க?"

முதலாளி எட்டாம் வகுப்பைத் தாண்டியதில்லை என்பது தெருவுக்கே தெரியும். இரண்டு பேர் மருந்து வாங்க வந்து நின்றுகொண்டு வேடிக்கை பார்த்தார்கள். முதலாளி ஸ்டூலைப் பிடித்துக்கொண்டு, "எழுதுங்கம்மா, எழுதுங்க. பேனா வேணும்னா நான் வாங்கித் தர்றேன்" என்றார். அவள் சட்டத்தைத் திரும்ப மாட்டினாள், வேண்டுமென்றே கொஞ்சம் கோணலாக. அந்தக் கோணல் முதலாளியின் கண்ணை உறுத்திக்கொண்டே இருக்கட்டும் என்று விட்டுவிட்டாள்.

அண்ணனின் மூன்று அட்டைகளையும் தயாரித்த கம்பெனிகளுக்குக் கடிதம் போட்டாள். உண்மையான பெயரை மனிதர் படிக்கிற அளவில் அச்சிடுங்கள் என்று. இரண்டு கம்பெனி வாயே திறக்கவில்லை. மூன்றாவது கம்பெனி, அவளுடைய அக்கறைக்கு நன்றி தெரிவித்து, தங்கள் விற்பனைப் பெயர் பொறித்த ஒரு சுவர்க் கடிகாரம் அனுப்பியது. அவள் அதை ஜெராக்ஸ் கடைக்காரருக்குக் கொடுத்துவிட்டாள். தினம் இருபது நிமிடம் பின்னால் ஓடுகிறது என்று அவர் சொன்னபோது, அந்தக் கம்பெனியைப் பற்றித் தான் நினைத்தது சரிதான் என்று அவளுக்கு ஒரு திருப்தி.

அண்ணன் இப்போது மோட்டார் மிஷின் வாங்கிவிட்டார். முழங்காலுக்கு ஓய்வு. டாக்டர் எழுதிக்கொடுத்த சாதாரண மாத்திரை ஒன்று, எப்போதாவது. மருந்து வாங்க இன்றைக்கும் அவர் வருவதில்லை, அண்ணிதான் வருகிறாள். பெயரை ஒரு தாளில் எழுதிக் கொண்டுவந்து நீட்டுகிறாள், வாயால் சொல்வதே இல்லை. அவள் அதைக் கவனிக்காததுபோல் வாங்கிக்கொள்கிறாள்.

வார விடுமுறையில் அவளே தையல்கடைக்குப் போகிறாள். முதல் சில வாரம் என்ன பேசுவதென்று இருவருக்கும் தெரியவில்லை. பிறகு அண்ணன் ஒரு சட்டையை அவள் மடியில் போட்டு, பொத்தான் தைக்கச் சொன்னார். அவள் தைத்தாள். அண்ணன் வாங்கிப் பார்த்தார்.

"இதுவா பொத்தான் தைக்கிற லட்சணம்? சட்டைக்குத் தைச்சியா, மூட்டைக்குத் தைச்சியா?"

பக்கத்துக் கடைக்காரர் சிரித்தார். அவளுக்குக் காது சூடேறியது. நூலை வெட்டிப் பிரித்துவிட்டு, முதலிலிருந்து தைக்க ஆரம்பித்தாள்.